இங்கிலாந்துக் கிராமங்களைச் சுற்றிக்காட்டும் பழைய பயணப் படங்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

'நூறு வருடத்துக்கு முந்தைய இங்கிலாந்து, கலரில்' என்ற தலைப்போடு இணையத்தில் ஒரு வீடியோ சுற்றுகிறது. தேம்ஸ் நதி, சிவப்புப் பேருந்து, தொப்பி வைத்த ஆண்கள், அப்புறம் எங்கோ ஒரு குன்றுப் பாதை, கடற்கரைக் கிராமம். பார்த்தவர்கள் கேட்பது பெரும்பாலும் ஒரே கேள்விகள்தான். அவற்றையும், அதே வகைப் படங்களைப் பற்றி எழும் மற்ற கேள்விகளையும் இங்கே சேர்த்திருக்கிறேன்.

அந்த வீடியோ எந்தப் படத்திலிருந்து எடுத்தது?

பெரும்பாலும் 'தி ஓபன் ரோடு'. கிளாட் ஃப்ரீஸ்-கிரீன் என்ற ஒளிப்பதிவாளர் 1924க்கும் 1926க்கும் இடையில் எடுத்த மௌனப் பயணப் படம். இங்கிலாந்தின் தென்மேற்கு முனையான லேண்ட்ஸ் எண்டில் புறப்பட்டு, ஸ்காட்லாந்தின் வடகிழக்குக் கோடியான ஜான் ஓ' க்ரோட்ஸ் வரை காரிலேயே போனார்கள். நேர்வழியில் போனாலே சுமார் 1,400 கிலோமீட்டர். இவர்கள் நேர்வழியில் போகவில்லை. பார்க்க அழகாக எது இருந்தாலும் வண்டி அந்தப் பக்கம் திரும்பியது. வண்டி ஒரு வாக்ஸ்ஹால் டி-டைப். முதல் உலகப் போரில் ராணுவ அதிகாரிகள் பயன்படுத்திய அதே மாடல்.

ஒவ்வொன்றும் ஏறத்தாழ பத்து நிமிடம் ஓடும் 26 பகுதிகளாக, வாரம் ஒன்று தியேட்டரில் காட்டலாம் என்பது திட்டம். லண்டன் காட்சிகள் பயணத்தின் கடைசிப் பகுதி. இணையத்தில் அதிகம் பரவியது அந்தப் பகுதிதான் என்பதால் இது லண்டனைப் பற்றிய படம் என்றே பலர் நினைக்கிறார்கள். படத்தின் பெரும்பகுதி ஊருக்கு வெளியேதான் நடக்கிறது.

நிறம் அசலா, பின்னால் கம்ப்யூட்டரில் பூசியதா?

அசல். படம் எடுத்தபோதே பதிவான நிறம் அது. ஆனால் கலர் பிலிமில் எடுக்கப்படவில்லை. உள்ளே ஓடியது சாதாரண கறுப்பு-வெள்ளை பிலிம்.

வித்தை இப்படி. கேமராவுக்குள் வண்ணக் கண்ணாடிகள் மாறி மாறி வரும். ஒரு பிரேம் சிவப்பு சார்ந்த கண்ணாடி வழியாகப் பதிவாகும், அடுத்தது பச்சை-நீலம் சார்ந்த கண்ணாடி வழியாக. ஒரு சிவப்புச் சட்டை முதல் பிரேமில் வெளிறித் தெரியும், அடுத்ததில் கறுத்துத் தெரியும். புல்வெளிக்கு நேர்மாறு. தியேட்டருக்கான பிரதியை எடுக்கும்போது ஒன்று விட்டு ஒரு பிரேமுக்கு ஆரஞ்சுச் சிவப்புச் சாயம், மற்றவற்றுக்கு நீலப் பச்சைச் சாயம். புரொஜெக்டரில் வேகமாக ஓட விட்டால், கண்ணும் மூளையும் இரண்டையும் கலந்து நிறமாக்கிக்கொள்ளும். பிரதியிலேயே சாயம் இருப்பதால் தியேட்டர்காரர் புரொஜெக்டரில் தனியாக எந்தக் கண்ணாடியும் மாட்ட வேண்டியதில்லை. கிளாட் தன் முறையை விற்க நினைத்தது இந்த வசதியைச் சொல்லித்தான்.

இரண்டே சாயம் என்பதால் உலகத்தில் உள்ள எல்லா நிறமும் கிடைக்காது. சிவப்பு பிரமாதமாக வரும். தோல் நிறம் நன்றாக வரும். புல் கொஞ்சம் ஆலிவ் பக்கம் சாயும். மஞ்சளும் ஊதாவும் பலவீனம். அதனால்தான் படத்தில் சிவப்புக்கு முதல் மரியாதை. சாம்பல் பாறை, சாம்பல் கடல், நடுவில் சிவப்பு உடுத்திய ஒருவர் என்றால் அது தற்செயல் என்று நினைக்காதீர்கள். புதுக் கடை திறந்தவர் நல்ல சரக்கை முன்வரிசையில் வைப்பார் இல்லையா, அதுதான்.

ஆட்கள் நகரும்போது ஓரத்தில் சிவப்பும் பச்சையும் பிரிந்து தெரிவது ஏன்?

இரண்டு பிரேமும் ஒரே கணத்தில் எடுக்கப்பட்டவை அல்ல என்பதால். வண்டி இழுக்கும் குதிரையின் முன்னங்காலைப் பாருங்கள். சிவப்புக் கண்ணாடி பிரேமில் கால் ஓரிடத்தில் இருக்கும். பச்சைக் கண்ணாடி வருவதற்குள் கால் சில அங்குலம் முன்னே போயிருக்கும். இரண்டையும் கலந்தால் ஒரு சிவப்புக் காலும் ஒரு பச்சைக் காலும். குதிரையின் முதுகு அவ்வளவாக நகராததால் அங்கே நிறம் சரியாகப் பொருந்தியிருக்கும். அந்த முறையில் எடுத்த எல்லாப் படத்திலும் இந்தக் குறை உண்டு.

மினுமினுப்பும் இதன் விளைவே. சிவப்பு, பச்சை, சிவப்பு, பச்சை என்று திரை துடிக்கும். அன்றைக்குத் தியேட்டரில் உட்கார்ந்து பார்த்தவர்களுக்குக் கண் வலித்திருக்கும். நீங்கள் இன்று பார்ப்பது 2006 வாக்கில் பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட், சுருக்கமாக பிஎஃப்ஐ, டிஜிட்டல் முறையில் மினுமினுப்பைக் குறைத்துச் சீராக்கிய வடிவம். சொல்லப்போனால் 1925-ல் யாருக்கும் இது இவ்வளவு நன்றாகத் தெரிந்ததில்லை.

பின்னணி இசை அந்தக் காலத்ததா?

இல்லை. படம் மௌனம். இடையிடையே எழுத்து அட்டைகள் வரும், அவ்வளவுதான். பிஎஃப்ஐ டிவிடியில் உள்ள இசை நீல் பிராண்டும் குந்தர் புக்வால்டும் அமைத்தது. இணையத்தில் பரவும் வீடியோக்களில் ஆளாளுக்கு ஒரு சோகப் பாட்டைச் சேர்த்துவிடுகிறார்கள். ஒலியை அணைத்துவிட்டு ஒருமுறை பாருங்கள், படத்தின் பாதி ஏக்கம் பாட்டிலிருந்து வந்தது என்பது புரியும்.

இவ்வளவு அழகான படம் அப்போது ஏன் ஓடவில்லை?

வணிகர்களுக்குச் சில பகுதிகளைப் போட்டுக் காட்டியதோடு கிட்டத்தட்ட நின்றுவிட்டது. மினுமினுப்பு ஒரு காரணம். இன்னொன்று அமெரிக்காவின் டெக்னிகலர். அவர்களும் அப்போது இரண்டு நிறத்தில்தான் வேலை செய்தார்கள், 1922-லேயே ஒரு முழுக்கதைப் படம் எடுத்துவிட்டார்கள். ஆனால் அவர்கள் கேமரா ஒளியைப் பிரித்து இரண்டு பிரேமையும் ஒரே நேரத்தில் பதிவு செய்தது. குதிரைக்குப் பச்சைக் கால் முளைக்கவில்லை. 1932-ல் அவர்கள் மூன்று நிறத்துக்குப் போனதும் மற்றவர்களின் கதை முடிந்தது.

கிளாட் அப்புறம் எல்ஸ்ட்ரீ ஸ்டூடியோவில் சாதாரண ஒளிப்பதிவாளராகப் பல படங்களுக்கு வேலை செய்தார். 1943-ல் 44 வயதில் இறந்தார். நெகட்டிவ் 1950களில் தேசியத் திரைப்படக் காப்பகத்துக்கு வந்து சேர்ந்தது. 2006-ல் பிபிசி, தொலைக்காட்சித் தொகுப்பாளர் டான் க்ரூக்ஷாங்கை வைத்து அதே பாதையில் மறுபடி பயணம் செய்து ஒரு தொடர் ஒளிபரப்பியது. அப்போதுதான் பெரும்பாலான பிரிட்டிஷ்காரர்களுக்கே இப்படி ஒரு படம் இருப்பது தெரிந்தது.

ஃப்ரீஸ்-கிரீன் என்ற பெயரை வேறெங்கோ கேட்டிருக்கிறேனே?

அப்பா வில்லியம் ஃப்ரீஸ்-கிரீனாக இருக்கும். சினிமா கேமராவைக் கண்டுபிடித்தவர் என்று அவர் கல்லறையில் எழுதியிருக்கிறது. வரலாற்றாசிரியர்கள் அதை அப்படியே ஏற்பதில்லை. 1889-ல் ஒரு காப்புரிமை எடுத்தார், கையில் இருந்த பணத்தையெல்லாம் ஆராய்ச்சியில் போட்டுத் திவாலானார் என்பது மட்டும் உறுதி.

மகன் கையிலெடுத்த கலர் முறைக்கு வேர் அப்பாவிடம்தான். அவருக்கு முன்னால் பிரிட்டனில் கோலோச்சியது கினிமாகலர் என்ற முறை. 1911 டெல்லி தர்பாரைக் கலரில் எடுத்து, 1912-ல் லண்டனில் காட்டிப் பெரிய வசூல் செய்தவர்கள் அவர்கள். வில்லியம் தரப்பு அந்தக் காப்புரிமையை எதிர்த்து வழக்குப் போட்டது. இயற்கையான நிறங்களைத் தருவதாகச் சொல்லும் முறை நீலத்தை ஒழுங்காகத் தரவில்லையே என்பது வாதத்தின் சாரம். 1914-ல் காப்புரிமை விழுந்தது, அடுத்த ஆண்டு, அன்றைக்கு பிரிட்டனின் உச்ச நீதிமன்றமாக இருந்த பிரபுக்கள் சபையும் தீர்ப்பை உறுதி செய்தது. பத்து வருடம் கழித்து மகனும் அதே இரண்டு நிறத்தோடு அதே நீலத்தில் தடுமாறியதைப் பார்க்கும்போது சிரிப்பு வருகிறது.

வில்லியம் 1921 மே மாதம் லண்டனில் திரைத்துறையினர் கூட்டத்தில் பேசிவிட்டு உட்கார்ந்தவர், அங்கேயே இறந்தார்.

தொழிற்சாலையும் நகரமுமாக இருந்த நாட்டில் ஏன் கிராமத்தைப் படமெடுத்தார்கள்?

அதனால்தான். 1851 கணக்கெடுப்பிலேயே இங்கிலாந்திலும் வேல்ஸிலும் பாதிக்கு மேற்பட்டவர்கள் நகர்ப்பகுதிகளில் வசித்தார்கள். கிளாட் காரைக் கிளப்பியபோது கிராமத்தில் இருந்தவர்கள் சிறுபான்மை. தியேட்டரில் டிக்கெட் வாங்குபவர் நகரத்துக்காரர், அவர் பார்க்க விரும்பியது அவருடைய தாத்தா விட்டுவந்த ஊர்.

1924 மே மாதம், பிரிட்டனின் பிரதமராக ஒருமுறை இருந்துவிட்ட ஸ்டான்லி பால்ட்வின் ஒரு விருந்தில் பேசினார். இங்கிலாந்து என்றால் கிராமப்புறம்தான் என்று சொல்லி, பட்டறையில் சுத்தியல் சத்தம், அரிவாளைத் தீட்டுக்கல்லில் தேய்க்கும் சத்தம், மேட்டில் ஏறிவரும் ஏர்க்குதிரைகள் என்று அடுக்கினார். அவர் குடும்பத் தொழில் இரும்பாலை! 1926-ல் கிராமப்புற இங்கிலாந்தைக் காப்பதற்கென்றே ஒரு அமைப்பு தொடங்கப்பட்டது. சாலையோரம் முளைத்த பெட்ரோல் பங்க்குகளும் விளம்பரப் பலகைகளும் வரிசை வீடுகளும்தான் அவர்கள் கண்ணை உறுத்தியவை.

அந்தப் பெட்ரோல் பங்க்கைக் கிராமத்துக்குக் கொண்டுவந்தது கார். கிராமம் போகிறதே என்று கேமராவோடு போனவரும் காரில்தான் போனார். சட்டப்படி வேகம் மணிக்கு 20 மைல், 32 கிலோமீட்டரைத் தாண்டக் கூடாது. 1930 சட்டம் வரும்வரை அதுதான் விதி. ஓட்டுநர் தேர்வு என்பதே 1935-ல்தான் கட்டாயமானது. அதே 1930 வாக்கில் நாட்டில் கார்கள் பத்து லட்சத்தைத் தொட்டுவிட்டன. 'தி ஓபன் ரோடு' படத்தில் சாலை அவ்வளவு காலியாக இருப்பதை ரசிப்பவர்கள், அப்படிக் காலியாகக் கிடந்த கடைசிச் சில வருடங்களில் அது எடுக்கப்பட்டது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

படத்தில் தெரிவது உண்மையான கிராம வாழ்க்கையா?

தெரிவது உண்மைதான், தெரியாதது நிறைய இருக்கிறது. போர்க்காலத்தில் தானியத்துக்கு அரசு விலை உத்தரவாதம் தந்தது. 1921-ல் அதைத் திடீரென்று கைவிட்டது. விலை சரிந்தது, கூடவே கூலியும் சரிந்தது. வாரம் நாற்பது ஷில்லிங்குக்கு மேல் வாங்கிக்கொண்டிருந்த பண்ணைத் தொழிலாளி ஓரிரு வருடத்தில் இருபத்தைந்து ஷில்லிங்குக்குத் தள்ளப்பட்டார். 1923-ல் நார்ஃபோக் மாவட்டத்தில் பெரிய வேலைநிறுத்தம் நடந்தது. 1924-ல் கூலி நிர்ணய வாரியங்களை மறுபடி கொண்டுவந்தார்கள். கிளாட் படமெடுக்கத் தொடங்கிய அதே ஆண்டு.

அந்த அழகான கல் வீடுகளில் பலவும் பண்ணை முதலாளிக்குச் சொந்தமானவை. வேலை போனால் வீடும் போகும். தண்ணீர் குழாய் இல்லை, மின்சாரம் இல்லை, கழிப்பறை தோட்டத்துக் கடைசியில். பயணப் படம் இதையெல்லாம் காட்டாது. காட்டினால் யார் சுற்றுலா போவார்கள்?

இவை ஏதோ ஒன்றை விற்பதற்காக எடுக்கப்பட்டவை. கிளாட் விற்றது ஒரு கலர் முறையை. பின்னால் வந்த ரயில்வே படங்கள் டிக்கெட்டை. நான் இவற்றைப் பார்க்கும்போது பிரேமின் நடுவில் இருக்கும் பொருளை ஒருமுறை பார்த்துவிட்டு, மறுமுறை ஓரங்களை மட்டும் பார்ப்பேன். இயக்குநர் தேவாலயக் கோபுரத்தைக் காட்டிக்கொண்டிருப்பார். ஓரத்தில் ஒரு பையன் பெரியவர் ஒருவரின் பழைய பூட்ஸை மாட்டிக்கொண்டு நிற்பான். விற்பனைக்கு வராத தகவல் அங்கேதான் இருக்கும்.

ஒரு துண்டு எந்த ஆண்டில் எடுத்தது என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

எனக்குப் பிடித்த கேள்வி இது. இணையத்தில் போடுபவர்கள் ஆண்டைத் தப்பாகப் போடுவது சகஜம். உடைகளை வைத்துச் சொல்வதை நான் நம்புவதில்லை, கிராமத்தில் ஒரு கோட்டு இருபது வருடம் உழைக்கும். வேறு சில அடையாளங்கள் உண்டு.

முதலில் மின்கோபுரங்களைத் தேடுங்கள். தேசிய மின்தொகுப்பின் முதல் உயரக் கோபுரம் 1928-ல்தான் நடப்பட்டது. குன்றுகளுக்குக் குறுக்கே கோபுர வரிசை போனால் படம் அதற்குப் பிந்தியது. தந்திக் கம்பங்கள் கணக்கில் வராது, அவை வெகு முன்பே வந்துவிட்டன.

கிராமத்து முச்சந்தியில் சிவப்புத் தொலைபேசிக் கூண்டு இருந்தால் பெரும்பாலும் 1936க்குப் பிறகு. 1926-ல் வந்த முதல் சிவப்புக் கூண்டு விலை அதிகம் என்பதால் லண்டனை விட்டு அவ்வளவாக வெளியே போகவில்லை. ஊரூராகப் போனது ஜார்ஜ் மன்னரின் வெள்ளிவிழாவை ஒட்டி வடிவமைத்த சின்னக் கூண்டு.

சாலைச் சந்திப்பில் கைகாட்டிப் பலகையே இல்லையா? 1940 ஆக இருக்கலாம். ஜெர்மானியர்கள் இறங்கினால் வழி தெரியக் கூடாது என்று கிராமப்புறமெங்கும் பலகைகளைப் பிடுங்கிவிட்டார்கள். தோட்டச் சுவர் மேல் இரும்புக் கிராதி இருக்க வேண்டிய இடத்தில் வெட்டிய முனைகள் மட்டும் தெரிந்தால், போரின்போது பழைய இரும்புக்காக அறுத்து எடுத்தபின் எடுத்த படம்.

முதல் உலகப் போர் நினைவுச் சிலுவையின் கல்லைப் பாருங்கள். பெரும்பாலான கிராமங்களில் 1919 தொடங்கி நான்கைந்து வருடத்துக்குள் அவற்றை நிறுவினார்கள். 1920களின் படங்களில் அந்தக் கல் பளிச்சென்று வெள்ளையாக, பாசி பிடிக்காமல், பெயர்கள் கூர்மையாக நிற்கும். போருக்குப் போன அத்தனை பேரும் உயிரோடு திரும்பிய கிராமங்கள் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் சேர்த்து ஐம்பது சொச்சம்தான். மற்ற ஊர்களில் பெரும்பாலும் அந்தக் கல் இருக்கும்.

எல்லாவற்றையும் விட நல்ல சாட்சி எல்ம் மரம். வேலியோரங்களில் உயரமாக, மேகம் மேகமாக அடுக்கிவைத்த மாதிரி நிற்கும் மரங்கள். 1960களின் பிற்பகுதியில் புதுவகை பூஞ்சை நோய் ஒன்று வண்டுகள் மூலம் பரவி, சுமார் இரண்டரைக் கோடி எல்ம் மரங்களைக் கொன்றது. தென் இங்கிலாந்தின் அடிவானம் அந்தப் பத்துப் பதினைந்து வருடத்தில் மாறிப்போனது. பழைய படத்தையும் இன்றைய புகைப்படத்தையும் பக்கத்தில் வைத்தால், வீடும் தேவாலயமும் அப்படியே இருக்கும், ஏதோ குறைகிறதே என்று தோன்றும். குறைவது எல்ம்தான்.

அறுவடைக் காட்சி இருந்தால் இன்னும் சுலபம். கதிர்க்கட்டுகளை எட்டுப் பத்தாகச் சாய்த்து நிறுத்தியிருந்தால் கட்டுக்கட்டும் இயந்திரத்தின் காலம். அறுப்பும் அடிப்பும் ஒரே இயந்திரத்தில் நடந்தால் அனேகமாக இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தியது. வயலில் குதிரை 1950கள் வரைக்கும் தாக்குப்பிடித்தது என்பதால் குதிரையை மட்டும் வைத்து முடிவு கட்ட வேண்டாம்.

கூரை வீடுகள் அவ்வளவு இருந்தனவா? ஏழைகளுடையதா, பணக்காரர்களுடையதா?

அன்று ஏழைகளுடையது, இன்று பணக்காரர்களுடையது. கிழக்கே நாணல், மற்ற இடங்களில் நீள கோதுமை வைக்கோல் என்று உள்ளூரில் கிடைப்பதை வைத்து வேய்ந்தார்கள். வசதி வந்தவர் ஓட்டுக்கோ ஸ்லேட்டுக்கோ மாறிவிடுவார். அப்புறம் குட்டைத்தண்டுக் கோதுமையும் அறுவடை இயந்திரமும் வந்து, வேய்வதற்குரிய நீள வைக்கோலே கிடைக்காமல் போனது. இப்போது அதற்கென்றே பழைய ரகங்களைத் தனியாகப் பயிரிடுகிறார்கள். வேயும் ஆள்கூலியும் தீக் காப்பீடும் சேர்ந்தால் செலவு கையைக் கடிக்கும். பாரம்பரியக் கட்டடமாகப் பதிவாகியிருந்தால் கூரையை மாற்றவும் விட மாட்டார்கள்.

ரயில்வே எடுத்த படங்கள் என்று சொன்னீர்களே, அவை என்ன?

1948 ஜனவரியில் பிரிட்டனின் ரயில்வே தேசியமயமானது. அடுத்த ஆண்டு போக்குவரத்து ஆணையம் 'பிரிட்டிஷ் டிரான்ஸ்போர்ட் ஃபிலிம்ஸ்' என்ற பிரிவைத் தொடங்கியது. தலைவர் எட்கர் ஆன்ஸ்டி. 1935-ல் லண்டன் குடிசைப் பகுதி மக்களையே கேமராவுக்கு முன்னால் பேசவைத்த ஆவணப்படத்தை எடுத்த இருவரில் ஒருவர். அவர் 1974 வரை இருந்தார், அந்தப் பிரிவு நூற்றுக்கணக்கில் படமெடுத்தது. தியேட்டரில் துணைப் படமாகவும், 16 எம்எம் பிரதிகளில் பள்ளிகளிலும் சங்கங்களிலும் ஓடின.

வேடிக்கை என்னவென்றால், இந்தக் கிராமப் படங்கள் பலவற்றில் ரயில் அதிகம் தலைகாட்டாது. ஊரைப் பார்த்து ஆசைப்பட்டால் டிக்கெட்டைத் தானே எடுப்பார்கள் என்ற நம்பிக்கை. 1963-ல் ரயில்வே தலைவர் ரிச்சர்ட் பீச்சிங்கின் அறிக்கை 2,363 நிலையங்களை மூடச் சொன்னது. படத்தைப் பார்த்து ஆசைப்பட்டவர் இறங்க வேண்டிய நிலையங்கள் பல அதில் போயின.

ஒரே ஒரு ரயில்வே படம் பார்க்க வேண்டுமென்றால் எது?

'ஜர்னி இன்டு ஸ்பிரிங்', 1957. இயக்கம் ரால்ஃப் கீன். வசந்தம் வருவதைத் தவிர கதை எதுவும் இல்லை. ஆஸ்கருக்கு ஒரே சமயத்தில் இரண்டு பிரிவுகளில் பரிந்துரை பெற்றது, குறும்படத்திலும் குறு ஆவணப்படத்திலும்.

இடம் ஹாம்ப்ஷயரில் உள்ள செல்போர்ன் கிராமம். அங்கே 18ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த பாதிரியார் கில்பர்ட் வைட், ஊரை விட்டு அதிகம் நகராமலே உலகப் புகழ்பெற்ற இயற்கை நூல் ஒன்றை எழுதினார். வெளியான ஆண்டு 1789. எல்லாரும் ஒரே பறவை என்று நினைத்த சின்னஞ்சிறு இலைக்குருவிகள் மூன்று வேறு இனங்கள் என்பதைப் பாட்டைக் கேட்டே பிரித்துச் சொன்னவர். தன் வீட்டு ஆமை எப்போது மண்ணுக்குள் போனது, எப்போது வெளியே வந்தது என்று வருடக்கணக்காகக் குறித்துவைத்தார். டிமோதி என்று ஆண் பெயர் வைத்திருந்தார்கள். இறந்தபின் ஓட்டைப் பார்த்துத்தான் அது பெண் என்று தெரிந்தது.

படத்தின் வர்ணனையை எழுதியவர் கவிஞர் லாரி லீ. 1914-ல் பிறந்தவர், குளோஸ்டர்ஷயரின் ஸ்லாட் கிராமத்தில் வளர்ந்தவர். கிளாட் ஃப்ரீஸ்-கிரீன் காரில் ஊர் ஊராகப் போனபோது லீ அப்படி ஒரு ஊருக்குள் பத்து வயதுப் பையன். பிற்பாடு 1959-ல் அந்தக் குழந்தைப் பருவத்தை 'சைடர் வித் ரோஸி' என்ற புத்தகமாக எழுதினார். காரும் பேருந்தும் வந்து ஊரின் ஆயிரம் வருடப் பழக்கத்தை முடித்துவைத்ததை உள்ளிருந்து எழுதிய புத்தகம் அது. 'தி ஓபன் ரோடு' பார்த்தவர்கள் அடுத்து அதைப் படித்தால், வண்டிக்குள்ளிருந்து பார்த்த கிராமத்தை வேலிக்கு அந்தப் பக்கமிருந்தும் பார்க்கலாம்.

இந்தப் படங்களுக்கும் நம் பக்கத்துக்கும் ஏதாவது தொடர்பு?

இலங்கையோடு நேரடித் தொடர்பு உண்டு. ரால்ஃப் கீன் 1950களின் தொடக்கத்தில் கொழும்பில் அரசுத் திரைப்படப் பிரிவின் தலைவராக இருந்தார். லண்டனில் இருந்த இலங்கை இயக்குநர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸை நாட்டுக்குத் திரும்பிவரச் சொல்லி அங்கே வேலைக்குச் சேர்த்தவர் அவர்தான். பீரிஸ் 1955-ல் வேலையை உதறிவிட்டு, ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக்கையும் படத்தொகுப்பாளர் டைட்டஸ் தொடவத்தையையும் சேர்த்துக்கொண்டு 'ரேகாவ' எடுத்தார். ஸ்டூடியோவை விட்டு நிஜமான கிராமத்துக்குப் போய் எடுத்த சிங்களப் படம். 1957-ல் கீனின் செல்போர்ன் படம் வந்துவிட்டது.

அமெரிக்கர்கள் எடுத்த இங்கிலாந்துப் படங்கள் எப்படி?

ஹாலிவுட் நிறுவனமான எம்ஜிஎம்முக்காக ஜேம்ஸ் ஃபிட்ஸ்பாட்ரிக் எடுத்த 'டிராவல்டாக்ஸ்' வரிசைதான் பிரபலம். டெக்னிகலர், தேன் ஒழுகும் வர்ணனை, கடைசியில் சூரிய அஸ்தமனத்தோடு பிரியாவிடை. எந்த நாடாக இருந்தாலும் அதே விடை. இந்தப் பாணியைக் கிண்டல் செய்து பீட்டர் செல்லர்ஸ் 1958-ல் ஓர் இசைத்தட்டில் பேசினார், லண்டனின் சாதாரணப் புறநகர் ஒன்றை உலக அதிசயம்போல் வர்ணித்து. அதைக் கேட்டபின் ஃபிட்ஸ்பாட்ரிக்கைச் சிரிக்காமல் பார்ப்பது கஷ்டம்.

எங்கே பார்க்கலாம்?

பிஎஃப்ஐயின் யூடியூப் பக்கத்தில் 'தி ஓபன் ரோடு' துண்டுகள் இலவசமாகக் கிடைக்கும். ஒரு மணி நேரத்துக்குச் சற்று அதிகமாக ஓடும் தொகுப்பு டிவிடியில் வந்தது. பிஎஃப்ஐ பிளேயர் தளத்தில் உள்ள பல படங்கள் பிரிட்டனுக்கு வெளியே திறக்காது. ரயில்வே படங்களும் பிஎஃப்ஐ டிவிடிகளாக வந்துள்ளன, 'சீ பிரிட்டன் பை டிரெய்ன்' என்ற தொகுப்பில் தொடங்கலாம். செய்திப்படங்கள் எடுத்த பிரிட்டிஷ் பாதே நிறுவனம் 2014-ல் தன்னுடைய 85,000 படங்களை யூடியூபில் ஏற்றியது. தேட உட்கார்ந்தால் ராத்திரி போய்விடும்.

பிரிட்டிஷ் கவுன்சில் 1940களில் வெளிநாடுகளில் காட்டுவதற்காக எடுத்த படங்களும் இணையத்தில் உண்டு. அதில் 1941-ல் ரால்ஃப் கீன் இயக்கிய 'தி கிரீன் கர்டில்' தவறவிடக் கூடாதது. லண்டனைச் சுற்றியுள்ள காடும் புல்வெளியும், டெக்னிகலரில். கேமரா ஜாக் கார்டிஃப். லண்டன்மேல் குண்டு விழுந்துகொண்டிருந்த காலத்தில் இப்படி ஒரு படம்.

படத்தில் வரும் இடங்களை இப்போது போய்ப் பார்க்கலாமா?

செல்போர்னுக்குத் தாராளமாகப் போகலாம். வைட்டின் வீடு அருங்காட்சியகமாக இருக்கிறது. வீட்டுக்குப் பின்னால் பீச் மரக் காடு மூடிய செங்குத்தான சரிவு, அதில் 1753-ல் அவரும் அவருடைய தம்பியும் வெட்டிய வளைவுப் பாதை. இன்றும் அதில் ஏறலாம், மழைநாளில் வழுக்கும். தேவாலய முற்றத்தில் இருந்த மிகப் பழமையான யூ மரம் மட்டும் 1990 ஜனவரிப் புயலில் விழுந்துவிட்டது. மறுபடி நட்டுப் பார்த்தார்கள், பிழைக்கவில்லை.

'தி ஓபன் ரோடு' இடங்களுக்குக் கார் வேண்டும். ஆகஸ்டில் லேண்ட்ஸ் எண்ட் இருக்கும் கார்ன்வால் பக்கம் போகாதீர்கள். நெரிசலில் வாக்ஸ்ஹால் போன வேகத்தில்தான் நீங்களும் போவீர்கள்.

துண்டுகளை என் வீடியோவில் சேர்த்துக்கொள்ளலாமா?

பழைய படம் என்பதாலேயே உரிமை தீர்ந்துவிட்டது என்று நினைக்காதீர்கள். அசல் காட்சிக்கு ஒரு கணக்கு, புதிதாகச் சேர்த்த இசைக்கு வேறொரு கணக்கு, பிரதியை வைத்திருக்கும் காப்பகத்தின் நிபந்தனை தனி. வகுப்பில் போட்டுக் காட்டுவதற்கும் விளம்பர வருமானம் வரும் சேனலில் போடுவதற்கும் வித்தியாசம் இருக்கிறது. எந்தக் காப்பகத்தின் பிரதியோ அவர்களுக்கு ஒரு மின்னஞ்சல் போடுங்கள், எந்த நிமிடத்திலிருந்து எந்த நிமிடம் வரை வேண்டும் என்று குறிப்பிட்டு.